அடுப்பக்கா

'தாழ்ப்பாள்' விளையாட்டின் பயிற்சி எதிரிகள் அத்தனை பேரும் வடிகட்டின முட்டாள்களாக இருந்தார்கள். அவர்களைச் செய்தவள் பிருந்தா என்பதால் அந்தப் பெயர் அவளுக்கும் சேர்ந்தே கிடைத்தது.

ஆட்டம் இதுதான். பாழடைந்த ஒரு பஞ்சாலை முதலாளியின் பங்களா. நான்கு பேர் ஒளிய வேண்டும், ஒருவர் தேட வேண்டும். தேடுகிறவனுக்குச் சங்கிலியான் என்று பெயர். இடுப்புச் சங்கிலி தரையில் இழுபட அவன் அறை அறையாக வருவான். ஹெட்செட்டை மாட்டிக்கொண்டு ஆடினால் அந்தச் சத்தம் முதுகுக்குப் பின்னால் கேட்கும். கூட ஆட நாலு பேர் கிடைக்காதவர்கள் தனியாகப் பழகிக்கொள்வதற்கென்று கணினியே ஓட்டும் ஆட்கள் உண்டு. அவர்களை 'பாட்' என்பார்கள். அந்த பாட்களைத் தயார் செய்வதுதான் பிருந்தாவின் வேலை.

சங்கிலிச் சத்தம் கேட்டதும் அவள் செய்த நான்கு பாட்களும் வரிசையாகப் போய் ஒரே பீரோவுக்குள் புகுந்துகொண்டன. சோதித்துப் பார்த்தவர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள்.

"ஜனங்க பயப்படறதுக்குத்தான் நம்மகிட்ட வர்றாங்க, பிருந்தா. உன் பாட்டைப் பார்த்துச் சிரிக்கறாங்களே, நான் என்ன சொல்லி விக்கறது?" என்றார் ஜெபராஜ். கோயம்புத்தூர் பீளமேட்டில் மூன்றாவது மாடியில் இருந்த அந்தச் சின்ன நிறுவனத்துக்கு அவர்தான் முதலாளி. கோபத்தைக்கூடச் சிரித்த முகத்தோடு காட்டுகிறவர். அதனாலேயே அவரிடம் எல்லோருக்கும் பயம்.

பிருந்தாவுக்கு ரோஷம் வந்துவிட்டது. அலுவலகத்தில் ஆட்டத்தை ஆடிப் பார்த்துக் குறை சொல்வதற்கென்றே ஏழெட்டுப் பேர் இருந்தார்கள். அவர்களில் ஒருத்தியை மட்டும் யாராலும் கண்டுபிடிக்க முடிந்ததில்லை. பெயர் தாமரை. தாராபுரம் பக்கம் ஊர், பி.காம். படித்திருந்தாள், லேடீஸ் ஹாஸ்டலில் தங்கியிருந்தாள். அதிகம் பேச மாட்டாள். யார் சங்கிலியானாக வந்தாலும் கடைசிவரை பிடிபடாமல் இருப்பாள். ஒருநாள் பிருந்தா தன் நாற்காலியை இழுத்துக்கொண்டு போய் அவள் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"எப்படி கண்ணு இது? எங்கே கத்துக்கிட்டே?"

"கத்துக்கறதுக்கு என்னங்க்கா இருக்குது. பழக்கம்தானுங்."

"உன் ஆட்டத்தை மிஷினுக்குக் கத்துக்கொடுக்கலாம்னு இருக்கேன். நீ பாட்டுக்கு ஆடு. எங்கே போறே, எவ்வளவு நேரம் நிக்கறே, எப்பத் திரும்பிப் பாக்கறே, எப்ப மூச்சை அடக்கறே, எல்லாத்தையும் அது பாத்துட்டே இருக்கும். கொஞ்ச நாள் போனா நீ இல்லாதப்பக்கூட அது உன்னை மாதிரியே ஒளியும். உன் சாயல்னு வெச்சுக்கோயேன்."

"வலிக்காதுங்களா?" என்று கேட்டாள் தாமரை. பிருந்தா சிரித்தாள். கேட்டவள் சிரிக்கவில்லை என்பது அப்போது அவள் கண்ணில் படவில்லை.

இயந்திரம் கற்றுக்கொள்ள ஆரம்பித்ததும் பிருந்தா அசந்துபோனாள். தாமரை பீரோவுக்குள் போவதே இல்லை, கட்டிலுக்கு அடியிலும் இல்லை. ஒரு வழி மட்டும் உள்ள இடத்தில் அவள் ஒருநாளும் ஒளிந்ததில்லை. எப்போதும் இரண்டு வாசல் உள்ள அறை, அதிலும் திறந்த கதவுக்குப் பின்னால். போவதற்கு முன்னால் வேறொரு அறையில் குழாயைத் திறந்துவிட்டுப் போவாள். தேடுகிறவன் தண்ணீர் சத்தத்தை நம்பி அங்கே போவான்.

இன்னொன்றும் செய்தாள், அதில்தான் யாருக்கும் அர்த்தம் புரியவில்லை. பங்களாவின் சமையலறையில் ஒரு அடுப்பு எரிந்துகொண்டிருக்கும். அழகுக்காக வைத்தது, ஆட்டத்தில் அதற்கு ஒரு வேலையும் கிடையாது. ஆனால் ஒளியப் போகுமுன் தாமரை அந்த அடுப்பை அணைத்துவிட்டுத்தான் போவாள். சங்கிலியான் பின்னாலேயே வந்தாலும் சரி, குனிந்து அணைத்துவிட்டுத்தான் ஓடுவாள்.

"இதைத் தூக்கிடலாம்ல? வேஸ்ட்டு மூவ்மென்ட்டு" என்றான் பக்கத்து சீட்டு நவநீதன்.

"இருக்கட்டும்டா. மனுஷங்கதான் உபயோகமில்லாத வேலையெல்லாம் செய்வாங்க. அப்பத்தான் பாட்டுன்னு தெரியாது" என்றாள் பிருந்தா. அந்தப் பதிலில் அவளுக்கே ஒரு பெருமை இருந்தது. பிற்பாடு அந்தப் பெருமையை நினைத்து நினைத்து அவள் நொந்துகொண்டாள்.

ஆட்டம் வெளியாகி இரண்டே மாதத்தில் அந்த பாட் பிரபலமாகிவிட்டது. பயிற்சி ஆட்டத்தில் ஆகக் கடினமான எதிரியாக அதைத்தான் வைத்திருந்தார்கள். அதற்கு அவர்கள் பெயர் எதுவும் வைக்கவில்லை, ஆடியவர்களே வைத்துவிட்டார்கள், அடுப்பக்கா என்று. 'இன்னைக்கு அடுப்பக்காவைப் புடிச்சுட்டேன்டா' என்று பையன்கள் வீடியோ போட்டார்கள். பனியன் கம்பெனிக்காரர் ஒருவர் அடுப்பக்கா படம் போட்ட டீ-ஷர்ட்டே அடித்துவிட்டார். முகம் யாருடையதோ, பொதுவாக வரைந்த ஒரு முகம். ஆனால் தலையைச் சாய்த்து ஒட்டுக் கேட்கிற விதம் தாமரையுடையது. தாமரைக்கு இதெல்லாம் கொஞ்சம் வேடிக்கையாகவும் கொஞ்சம் கூச்சமாகவும் இருந்தது.

ஜெபராஜ் சும்மா இருப்பாரா? அடுத்த யோசனையைக் கொண்டுவந்தார். 'நம்ம வீடு' என்று அதற்குப் பெயர். ஆடுகிறவர்கள் தங்கள் வீட்டையே ஆட்டத்துக்குள் கட்டிக்கொள்ளலாம். சுவர், கதவு, கட்டில், குழாய் எல்லாவற்றையும் இஷ்டப்படி வைக்கலாம். சொந்த வீட்டிலேயே சங்கிலியானுக்குப் பயந்து ஓடலாம். ஜனங்களுக்கு இதில் அப்படி ஒரு ஆனந்தம்.

ஆவணி மாதத்தில் ஒரு புகார் வந்தது. 'உங்கள் அடுப்பக்கா என் வீட்டில் மட்டும் ஒளிய மாட்டேன் என்கிறாள். அடுப்பை அணைத்துவிட்டு அதன் முன்னாலேயே நிற்கிறாள். சரிசெய்யவும்.' மரியாதையான புகார். அனுப்பியவர் பெயருக்குப் பதிலாக வெறும் எண்கள்தான் இருந்தன. பிருந்தா அந்த ஆளின் ஆட்டங்களை எடுத்துப் பார்த்தாள். எல்லாமே பயிற்சி ஆட்டம், எல்லாவற்றிலும் அவன் சங்கிலியான். நான்கு எதிரிகள் இருக்க வேண்டிய இடத்தில் ஒன்றே ஒன்று, அடுப்பக்கா மட்டும். விடிந்ததிலிருந்து அடைகிற வரை ஆடியிருந்தான். பிடித்த பிறகும் ஆட்டத்தை முடிப்பதில்லை. அவள் முன்னால் நின்று பார்த்துக்கொண்டே இருப்பான். பிறகு விட்டுவிடுவான், மறுபடி தேடுவான்.

பைத்தியங்கள் பலவிதம் என்று நினைத்துக்கொண்டு, புகாரைச் சரிபார்க்கத் தாமரையைக் கூப்பிட்டாள் பிருந்தா. அந்த ஆள் கட்டியிருந்த வீட்டைத் திரையில் திறந்தாள். சின்ன வீடு. இரண்டு அறை, ஒரு சமையலறை, மேலே ஆஸ்பெஸ்டாஸ் கூரை. தாமரை ஹெட்செட்டை மாட்டிக்கொண்டு இரண்டடி எடுத்துவைத்தாள். அப்புறம் அசையவில்லை.

"அக்கா, அந்த இடது கைப்பக்கத்துக் கதவைத் திறக்காதீங்."

"ஏன், என்ன இருக்கு?"

"அது பாத்ரூமுங். தாழ்ப்பாளு வெளியில இருக்குமுங்."

பிருந்தா மவுசை நகர்த்தினாள். கதவு திறந்தது. குளியலறைதான். கதவின் வெளிப்பக்கத்தில், சரியாகத் தோள் உயரத்தில், தாழ்ப்பாள் இருந்தது.

"உள்ள ஒரு பச்சைப் பக்கெட்டு இருக்கும், காது உடைஞ்சது" என்றாள் தாமரை. பக்கெட் இருந்தது. காது உடைந்துதான் இருந்தது. அத்தனை பொறுமையாகச் செய்திருந்தான்.

அன்றைக்கு டீக்கடையில் வைத்துத்தான் தாமரை எல்லாவற்றையும் சொன்னாள். புருஷன் பெயர் தரணிதரன். செல்போன் ரிப்பேர் கடை வைத்திருப்பவன். குடிக்க மாட்டான், யாரிடமும் குரல் உயர்த்திப் பேச மாட்டான். ஊரில் அவனைப்போல் தங்கமான மனுஷன் இல்லை என்பார்கள். வீட்டுக்குள் வந்து கதவைச் சாத்தினால் வேறு ஆள். அவனிடமிருந்து தப்பித்து, சொல்லாமல் கொள்ளாமல்தான் அவள் ஹாஸ்டலுக்கு வந்திருந்தாள்.

"எங்காச்சும் போயி ஒளிஞ்சுக்கோம்பாருங். நான் ஒளிஞ்சுக்கோணும். அவரு தேடுவாரு. சின்னப் புள்ளைக ஐஸ்பாய் ஆடற மாதிரி சிரிச்சுக்கிட்டே தேடுவாரு. கண்டுபுடிச்சாத்தான் அடி."

பிருந்தா டீ கிளாஸைக் கீழே வைத்தாள். "அந்த அடுப்பு?" என்றாள்.

"அணைக்காம ஒளிஞ்சா சோறு தீஞ்சிருமுங். தீஞ்சா அதுக்கும் சேர்த்து விழும்."

இந்தப் பழக்கத்தை வைத்து, நான் செய்த பாட்தான் அவளைக் காட்டிக்கொடுத்திருக்கிறது என்று பிருந்தாவுக்கு உறைத்தது. நவநீதன் தூக்கச் சொன்னதை அவள்தான் இருக்கட்டும் என்றிருந்தாள். பாட் அந்த வீட்டில் ஏன் நின்றுவிட்டது என்பதும் அப்போது புரிந்தது. இரண்டு வழி உள்ள இடத்தில்தான் ஒளிய வேண்டும் என்று அது தாமரையிடம் கற்றிருந்தது. அந்த வீட்டில் அப்படி ஒரு இடமே இல்லை. அதனால் அடுப்பை அணைத்துவிட்டு, போவதற்கு வழியின்றி நின்றுகொண்டிருந்தது.

மறுநாள் காலையிலேயே அவள் ஜெபராஜின் அறைக்குள் போனாள். அவர் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டார். பாவம் பாவம் என்று உச்சுக்கொட்டவும் செய்தார்.

"அந்த பாட்டை எடுத்துடலாம் சார்."

"எப்படிம்மா எடுக்கறது? பாதி ஜனம் அடுப்பக்காவுக்காகத்தான் ஆடுது. அந்தப் பொண்ணு கையெழுத்துப் போட்டுத்தானே குடுத்துச்சு. அவ ஆட்டம் இப்ப நம்மதும்மா."

"ஆட்டம் நம்மது சார். உசுரு அவளோடதில்லையா?"

"பெரிய வார்த்தையெல்லாம் பேசாதே. அவன் என்ன பண்ணிட்டான்? ஒரு வீடு கட்டி விளையாடறான். விளையாடறவனை எந்தச் சட்டத்துல புடிக்கறது?"

போலீஸிலும் ஏறக்குறைய அதையேதான் சொன்னார்கள். எஸ்.ஐ. அம்மா நல்லவர், உட்காரச் சொல்லி மோர் கொடுத்தார். "கேமுல அடுப்பை அணைச்சதுக்கெல்லாம் எஃப்.ஐ.ஆர். போட முடியாதும்மா. நேர்ல வந்து ஏதாச்சும் பண்ணட்டும், உடனே ஒரு போன் பண்ணுங்க, அள்ளிட்டு வந்துடறோம்" என்றார். ஏதாச்சும் பண்ணட்டும் என்ற வார்த்தை வீடு வந்து சேர்கிறவரை பிருந்தாவின் காதிலேயே இருந்தது.

"யாருக்கும் தெரியாம நான் அதை அழிச்சுடறேன் தாமரை. வேலை போனாப் போகுது."

"வேண்டாமுங்க்கா. அழிச்சீங்கன்னா, நான் இங்கதான் இருக்கறேன்னு அவருக்கு ஊர்ஜிதமாயிரும்."

"அப்ப நீ எங்கேயாவது போயிடு. பெங்களூர்ல எனக்குத் தெரிஞ்சவங்க இருக்காங்க."

"எங்க போனாலும் நான் ஒளியற மாதிரித்தானுங்க்கா ஒளிவேன். எனக்கு வேற மாதிரித் தெரியாதுங். அது இப்ப அவருக்கு மனப்பாடம்" என்றாள் தாமரை.

புரட்டாசி பிறந்ததும் அவன் புதிதாக ஒரு இடத்தைக் கட்டினான். முதலில் லிப்ட் வந்தது. அடுத்த நாள் வரவேற்பு மேசை, அதற்குப் பின்னால் பிள்ளையார் படம். அதற்கடுத்த நாள் தண்ணீர் கேன் வைக்கிற ஸ்டாண்ட், அதன் ஒரு கால் கொஞ்சம் வளைந்திருந்தது. பிருந்தா திரையிலிருந்து தலையைத் திருப்பித் தன் அலுவலகத்தின் தண்ணீர் ஸ்டாண்டைப் பார்த்தாள். அதன் கால் வளைந்துதான் இருந்தது. தண்ணீர் போட வந்தானா, சாப்பாட்டுப் பொட்டலம் கொண்டுவந்தானா, யாருக்கும் ஞாபகமில்லை. தொப்பி போட்டுக்கொண்டு வருகிற எத்தனையோ பேரில் ஒருத்தனாக வந்து, எல்லாவற்றையும் பார்த்துவிட்டுப் போயிருக்கிறான்.

அந்த அலுவலகத்துக்குள் அவன் அடுப்பக்காவை இறக்கிவிட்டான், சங்கிலியோடு தேட ஆரம்பித்தான். அவளுக்கு இந்த முறை ஒளிய இடம் இருந்தது. டீ போடுகிற பேன்ட்ரியில் அடுப்பை அணைப்பாள், அதை ஒட்டி யூ.பி.எஸ். பேட்டரிகளுக்கென்று இருந்த பேட்டரி அறைக்குள் போவாள். அதற்கு இரண்டு வாசல். ஒன்று பேன்ட்ரியில் திறக்கும், இன்னொன்று மாடிப்படிப் பக்கம். முதல் சில நாட்கள் அவள் படி வழியாகத் தப்பினாள். பிறகு அவன் கற்றுக்கொண்டான். முதலில் படிக்கட்டுக்குப் போய் அந்தப் பக்கத்துக் கதவை வெளியே தாழ்போடுவான். அப்புறம் நிதானமாக வரவேற்பு வழியாக வந்து பேன்ட்ரிக்குப் போவான். அணைந்த அடுப்பின் மேல், சூடு பார்ப்பதுபோல உள்ளங்கையை வைப்பான். பிறகு உள்ளே நுழைவான். அதற்குப் பிறகு ஒரு தடவைகூட அவள் தப்பவில்லை.

பிருந்தா அதைத் தாமரையிடம் காட்டியபோது அவள் அழுவாள் என்று எதிர்பார்த்தாள். தாமரை அழவில்லை. திரையையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு ஒரு கேள்வி கேட்டாள்.

"அவரு ஆடுன ஆட்டமெல்லாம் உங்ககிட்ட இருக்குமில்லீங்க்கா?"

"இருக்கும். எல்லாமே பதிவாகும்."

"என்னைய செஞ்ச மாதிரி அவரையும் செய்ய முடியுமுங்களா?"

சாதாரணமாகக் கேட்டாள், கடையில் ஒரு ரவிக்கைத் துணி இன்னொரு கலரில் இருக்கிறதா என்று கேட்பதுபோல. பிருந்தாவுக்குத் தூக்கிவாரிப்போட்டது. ஆடுகிறவர்களின் பதிவை அவர்களுக்குத் தெரியாமல் எடுத்து பாட் செய்யக் கூடாது என்பது நிறுவனத்தின் முதல் விதி, அதை எழுதியதே அவள்தான். ஆனாலும் செய்தாள். அத்தனை நாள் ஆடியிருந்தான் அல்லவா, இயந்திரத்துக்குத் தீனி ஏராளம். ஒரே ராத்திரியில் கற்றுக்கொண்டு எழுந்து நின்றது.

நாலு மணி டீ நேரத்தில், மற்றவர்கள் கீழே போன பிறகு, பிருந்தா அதைத் தாமரைக்காகத் திறந்தாள். எதிரி ஒன்று. இடம், அவன் கட்டிய அலுவலகம். கடினம், உச்சம். சங்கிலிச் சத்தம் கேட்டது. அந்த நிதானமான நடையைப் பார்த்ததும் தாமரையின் கழுத்தில் வேர்த்துவிட்டது. பழக்கதோஷத்தில் பேட்டரி அறைக்குப் போனாள், பிடிபட்டாள். மறுபடி போனாள், மறுபடி பிடிபட்டாள். தினமும் இதே கதை. பிருந்தாவுக்குப் பார்க்கச் சகிக்கவில்லை. ஆனால் தாமரை ஒவ்வொரு தடவையும் ஏதோ ஒன்றைக் கவனித்துக்கொண்டிருந்தாள். எந்தக் கையால் தாழ் போடுகிறான், அடுப்பைத் தொட்ட பிறகு எத்தனை நேரம் நிற்கிறான், எந்தப் பக்கம் திரும்பிப் பார்ப்பதே இல்லை.

ஒருநாள் பிருந்தா வழக்கம்போல எல்லாவற்றையும் தயார் செய்துவிட்டு, ஒளிகிறவர் பக்கத்தில் தாமரையின் பெயரைப் போடப் போனாள்.

"அங்க வேண்டாமுங்க்கா. என்னைய சங்கிலியானாப் போடுங். அவரை ஒளியறவங்கள்ல போடுங்."

"அவன் ஒளிஞ்சு ஆடினதே இல்லையே கண்ணு. மிஷினுக்கு அது தெரியாதே."

"தெரியாட்டிப் பரவால்லீங். பாக்கலாம்."

போட்டாள். ஆட்டம் தொடங்கியது. அந்த பாட் வரவேற்பறையின் நடுவில் நின்றது. ஓடவில்லை, குனியவில்லை. யாரையோ தேடுவதுபோல இப்படியும் அப்படியும் பார்த்தது. தாமரை சங்கிலியை இழுத்துக்கொண்டு மெதுவாக அதன் பின்னால் போய் நின்றாள். சத்தம் நன்றாகக் கேட்டிருக்கும். அப்போதும் அதற்கு என்ன செய்வது என்று தெரியவில்லை.

"அவருக்கு ஒளியத் தெரியாதுங்க்கா" என்றாள் தாமரை. அவள் முகத்தில் சிரிப்பு வந்து பிருந்தா பார்த்தது அதுதான் முதல் தடவை. பார்த்திருக்க வேண்டாம் என்று தோன்றியது.

ஆயுத பூஜை வியாழக்கிழமை வந்தது. கோயம்புத்தூரில் அன்றைக்கு எந்த மில்லுக்குள்ளும் எந்தப் பட்டறைக்குள்ளும் யார் வேண்டுமானாலும் போகலாம். கேட்டைத் திறந்து வைத்துவிடுவார்கள், வந்தவர்களுக்கெல்லாம் பொரியும் சுண்டலும் கொடுப்பார்கள். ஜெபராஜின் அலுவலகத்திலும் அதே வழக்கம். காலையிலேயே கணினிகளுக்கெல்லாம் சந்தனம் குங்குமம் வைத்தார்கள், வாசலில் பூசணிக்காய் உடைத்தார்கள். பூஜை போட்ட மிஷினை அன்றைக்கு ஓட்டக் கூடாது என்பதால் ஏசி முதற்கொண்டு எல்லாவற்றையும் நிறுத்தினார்கள். மதியத்துக்குள் ஆளுக்கொரு பொரிப் பையோடு கிளம்பிப் போனார்கள். மறுநாள் விஜயதசமி, அதற்குப் பிறகு சனி, ஞாயிறு. சாவியை ஜெபராஜ் பிருந்தாவிடம் கொடுத்துவிட்டுப் போனார்.

"இன்னைக்குத்தானுங்க்கா வருவாரு. வாசல் தொறந்திருக்குது, கேக்க ஆளில்லை. நேத்து அவரு ஆட்டத்துல எல்லா மேசையும் காலியா வெச்சிருந்தாரு, பாத்தீங்களா? எல்லாரும் போயும் நான் மட்டும் எறங்கலைன்னு கீழ நின்னு பாத்துட்டு மேல வருவாரு" என்றாள் தாமரை.

திட்டம் எளிமையானது. அவன் உள்ளே வர வேண்டும், பேட்டரி அறைக்குள் போக வேண்டும், கதவைச் சாத்தி எஸ்.ஐ. அம்மாவுக்கு போன் செய்ய வேண்டும். பிருந்தா மீட்டிங் அறைக்குள் விளக்கில்லாமல் உட்கார்ந்து, அன்றைக்கு அவள் மாட்டிவைத்திருந்த கேமராக்கள் காட்டுவதைப் போனில் பார்த்துக்கொண்டிருந்தாள். தாமரை பேன்ட்ரியில் அடுப்பைப் பற்றவைத்துப் பால் வைத்தாள். கொஞ்சம் சூடேறியதும் அணைத்தாள். பிறகு துடைப்பம் வைக்கிற அலமாரிக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். உள்ளே போகவும் வரவும் ஒரே வழி உள்ள இடம் அது. அடுப்பக்கா செத்தாலும் அங்கே ஒளிய மாட்டாள்.

மூன்றரை மணிக்குப் படிக்கட்டுப் பக்கம் ஒரு தாழ்ப்பாள் விழுகிற சத்தம் கேட்டது. பிருந்தா கையால் வாயைப் பொத்திக்கொண்டாள். கொஞ்சம் கழித்து லிப்ட் திறந்தது. வெள்ளைச் சட்டை போட்ட ஒல்லியான ஒருவன் வந்தான். நெற்றியில் விபூதி. வரவேற்பு மேசையில் வைத்திருந்த தட்டிலிருந்து கொஞ்சம் பொரி எடுத்து வாயில் போட்டுக்கொண்டான். பிள்ளையாரைப் பார்த்துக் கன்னத்தில் போட்டுக்கொண்டான். பார்க்கிற யாரும் தங்கமான மனுஷன் என்றுதான் சொல்வார்கள்.

பேன்ட்ரிக்குள் நுழைந்து அடுப்பின் மேல் உள்ளங்கையை வைத்தான். சிரித்தான். "தாமரை" என்று மெல்லக் கூப்பிட்டான், "வந்துட்டேன்" என்றான். பேட்டரி அறையின் விளக்கைப் போட்டு, கதவைத் திறந்துகொண்டு உள்ளே போனான்.

துடைப்ப அலமாரி திறந்தது. தாமரை அவசரப்படவில்லை. நாலே எட்டில் வந்து கதவைச் சாத்தித் தாழ்ப்பாளைப் போட்டாள். அந்த அறையின் விளக்கு ஸ்விட்சும் வெளியேதான் இருந்தது. அதையும் அணைத்தாள்.

பிருந்தா ஓடிவந்தாள். அழுகையும் சந்தோஷமும் ஒன்றாக வந்தன. "முடிஞ்சுது கண்ணு, முடிஞ்சுது" என்று அவளைக் கட்டிக்கொண்டாள். உள்ளே படிப்பக்கத்துக் கதவு இழுபடுகிற சத்தம் கேட்டது. அவனே தாழ்போட்டுவிட்டு வந்த கதவு அது. பிறகு இந்தப் பக்கத்துக் கதவு ஒருமுறை அதிர்ந்தது. அதற்கப்புறம் சத்தமே இல்லை. இருட்டுக்கு நடுவில் நின்றுகொண்டு இப்படியும் அப்படியும் பார்க்கிறான் என்று பிருந்தாவுக்குத் தெரிந்தது. அதை அவள் ஏற்கெனவே திரையில் பார்த்திருந்தாள்.

எஸ்.ஐ. அம்மாவின் எண்ணை எடுத்தாள். தாமரை அவள் மணிக்கட்டைப் பிடித்தாள். பிடி இறுக்கமாக இல்லை.

"கொஞ்சம் இருங்க்கா."

"எதுக்கு?"

"போலீசு என்ன பண்ணுமுங்? பொரி வாங்க வந்தேம்பாரு. ரெண்டு நாள்ல வெளிய வந்துருவாரு. அப்பறம் மறுபடியும் ஆடுவாரு, கத்துக்குவாரு."

"அதுக்கு?"

தாமரை அடுப்பண்டை போய் மறுபடி பற்றவைத்தாள். பால் பாத்திரத்தை நேராக்கி வைத்தாள். திரும்பாமலேயே கேட்டாள்.

"உள்ள ஏசி ஓடலை. போன்ல டவரும் எடுக்காதுங். ஜன்னலும் இல்லீங். திங்கக்கெழம வரைக்கும் யாரும் வரமாட்டாங்கதானுங்க்கா?"

மாட்டார்கள் என்று பிருந்தாவுக்குத் தெரியும். சாவி அவள் இடுப்பில்தான் இருந்தது. ஒரு வார்த்தை சொல்ல வேண்டும், இல்லை ஒரு பொத்தானை அழுத்த வேண்டும். கையில் போன் இருந்தது, எண்ணும் திரையில் இருந்தது. அந்த பாட்களையும் அவற்றின் பக்கங்களையும் மாற்றி மாற்றிப் போட்டுக்கொடுத்த விரல் இப்போது அசைய மறுத்தது. நான் யாரைப் பயிற்றுவித்தேன் என்று அவளுக்குள் ஒரு கேள்வி எழுந்தது. அதற்குப் பதில் தேட அவளுக்குத் தைரியம் வரவில்லை.

கதவுக்குப் பின்னாலிருந்து அவன் குரல் வந்தது. மெதுவாக, மரியாதையாக, முதல் தடவையாகக் கொஞ்சம் உடைந்துபோய். "தாமரை. வெளையாடாதே. கதவைத் தொற."

பால் பொங்கியது, வழிந்தது. அடுப்பில் பட்டுச் சுருசுருவென்று தீய்ந்தது. பாத்திரத்தின் அடி பிடித்துக் கருகுகிற வாசம் பேன்ட்ரி முழுக்கப் பரவிக் கதவிடுக்கு வழியாக உள்ளேயும் போயிருக்கும். அவள் கைக்கெட்டும் தூரத்தில்தான் அடுப்பு இருந்தது.

தாமரை அதை அணைக்கவில்லை.